பள்ளிவாசல் கடை வாடகை வழக்கு எந்த நீதிமன்றத்திற்கு உரியது?

(நமது ஜமாஅத்தின் ஆண்டுப் பொதுக்குழுவில் இமாம் அவர்கள் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



 

சற்று முன்பு வரவு செலவுக் கணக்கு வாசிக்கப்பட்டது. "கடை வாடகை" என்னும் தலைப்பு வந்தபோது சபையில் சலசலப்பு எழுந்ததைக் கண்டோம். பள்ளிவாசலின் முன்வரிசைக் கடைகளில் ஒன்றுக்கு மாதம் 400 ரூபாய் வாடகை. அதே தெருவில் எதிர்ப்புறக் கடைக்கு 3,500 ரூபாய். அந்த 400 ரூபாயும் பதினான்கு மாதங்களாக வரவில்லை. கடையைப் பிடித்தவர் அதனை இன்னொருவருக்கு உள்வாடகைக்கு விட்டுவிட்டார் என்றும் சொல்லப்பட்டது. இதைக் கேட்டதும் ஒரு சகோதரர் எழுந்து, "நாளை ஃபஜ்ரு தொழுதுவிட்டுப் போய் நமது பூட்டைப் போட்டுவிடுவோம், அவர் வந்து கேட்கட்டும்" என்றார். பலர் தலையசைத்தார்கள். அவருடைய ஆதங்கம் பள்ளிவாசலின் மீதுள்ள பற்றினால் வந்தது என்பதில் நமக்குச் சந்தேகமில்லை. ஆயினும் அந்தப் பூட்டைப் பற்றியே இன்று பேச வேண்டியவர்களாக இருக்கிறோம். நாம் எடுத்துவந்த தலைப்பு வேறு. அதனை இன்னொரு நாளைக்கு வைத்துக்கொள்வோம்.

குடியிருப்பவரை நீதிமன்றத்தின் துணையின்றிப் பலவந்தமாக வெளியேற்றினால் நடப்பது இதுதான். 1963ஆம் ஆண்டின் குறித்தவகைத் துயர்தீர்ப்புச் சட்டத்தின் 6ஆம் பிரிவின்படி, அவர் ஆறு மாதங்களுக்குள் வழக்குத் தொடுத்து, கடையைத் திரும்பத் தன் வசம் ஒப்படைக்குமாறு கேட்கலாம். அந்த வழக்கில் கடை யாருக்குச் சொந்தம் என்னும் கேள்விக்கே இடமில்லை. சுவாதீனத்தில் இருந்தவர் யார், அவரைச் சட்ட வழியின்றி வெளியேற்றியவர் யார் என்று மட்டும்தான் பார்ப்பார்கள். வாடகை பாக்கி வைத்தவர் வாதியாக உயர்ந்து நிற்பார். ஹக்குள்ள நாம் பிரதிவாதிக் கூண்டில் நிற்போம். காவல் நிலையப் புகார் வேறு தனியே இருக்கும். நாசரேத் போன்ற ஊரில், தேவாலயத்தின் மணியோசையும் நமது பாங்கோசையும் பன்னெடுங்காலமாக ஒன்றையொன்று கேட்டு வளர்ந்த ஊரில், அந்தப் பூட்டு கடைக் கதவில் மட்டும் விழாது என்பதையும் நீங்கள் அறிவீர்கள். அந்தக் கடைக்காரர் நமது மஹல்லாவைச் சேர்ந்தவர் அல்லர். அவருடைய தகப்பனார் ரமளானுக்கு ரமளான் பள்ளிவாசலின் திரைச்சீலைகளைக் கூலி வாங்காமல் தைத்துக் கொடுத்தவர் என்பதை முதியவர்கள் நினைவில் வைத்திருப்பார்கள். அதற்காக வாடகையை விட்டுவிடச் சொல்லவில்லை. வக்ஃபின் வருமானத்தை விட்டுக்கொடுக்க நமக்கும் உரிமையில்லை, முதவல்லி சாஹிபுக்கும் உரிமையில்லை. அது அமானத். ஆகவே வசூலிக்கவும் வேண்டும், காலி செய்யவும் வேண்டியிருக்கலாம். ஆனால் எந்த வாசலைத் தட்டி?

இந்தக் கேள்விக்கு விடை கட்டிடத்தின் சொந்தக்காரர் யார் என்பதில் இருக்கிறது. வாடகைக்கு இருப்பவர் எத்தனை ஆண்டுகள் இருந்தார், எவ்வளவு முன்பணம் கொடுத்தார் என்பவையெல்லாம் பிறகு வருபவை.

தமிழ்நாட்டில் 1960ஆம் ஆண்டின் கட்டிடங்கள் (குத்தகை மற்றும் வாடகைக் கட்டுப்பாடு) சட்டம் நீண்ட காலம் நடைமுறையில் இருந்தது. வாடகைக்காரரைக் காலி செய்ய வேண்டுமானால் அச்சட்டம் அனுமதித்த காரணங்களுள் ஒன்றைக் காட்டி வாடகைக் கட்டுப்பாட்டு அதிகாரி முன்பு மனுப்போட வேண்டும். கோயில், தேவாலயம், பள்ளிவாசல் ஆகியவற்றின் கட்டிடங்களும் அதற்குள் அகப்பட்டுக் கிடந்தன. வாடகையை உயர்த்த முடியவில்லை. 1976ஆம் ஆண்டு ஆகஸ்டு 16ஆம் நாள் அரசாங்கம் ஓர் ஆணை பிறப்பித்தது. இந்து, கிறிஸ்தவ, முஸ்லிம் சமயப் பொது அறக்கட்டளைகளுக்கும் பொது தரும ஸ்தாபனங்களுக்கும் சொந்தமான கட்டிடங்கள் அனைத்திற்கும் அச்சட்டத்திலிருந்து விலக்கு அளிக்கப்பட்டது. வாடகைக்காரர்கள் அதனை எதிர்த்து உச்ச நீதிமன்றம் வரை சென்றார்கள். கந்தசாமி செட்டியார் வழக்கில் அந்த விலக்கு செல்லும் என்றே தீர்ப்பாயிற்று. தேவாலயக் கடைக்கும் கோயில் கடைக்கும் நமது கடைக்கும் ஒரே ஆணை. இதை நமது ஊரில் பலரும் அறியாமல், பள்ளிவாசலுக்கு மட்டும் ஏதோ தனிச் சலுகை இருப்பதாக நினைக்கிறார்கள்.

விலக்கு கிடைத்த பின்பு வாசல் மாறியது. வாடகைக் கட்டுப்பாட்டு அதிகாரியிடம் போகத் தேவையில்லை. 1882ஆம் ஆண்டின் சொத்துரிமை மாற்றுச் சட்டத்தின் 106ஆம் பிரிவின்படி மாத வாடகைக்காரருக்கு 15 நாள் நோட்டீஸ் கொடுத்துக் குத்தகையை முடித்துக்கொண்டு, உரிமையியல் நீதிமன்றத்தில், அதாவது நமது வழக்கில் முன்சீப் கோர்ட்டில், பிராது போட்டால் போதும் என்றாயிற்று. அதன்பின் 1996 சனவரி முதல் 1995ஆம் ஆண்டின் வக்ஃபுச் சட்டம் நடைமுறைக்கு வந்தது. வக்ஃபு சம்பந்தமான தகராறுகளுக்கென்று தீர்ப்பாயம் ஒன்றை அச்சட்டம் ஏற்படுத்தியது. குழப்பமும் அங்கேதான் தொடங்கிற்று. வாடகைக்காரரைக் காலி செய்யும் வழக்கு "வக்ஃபு சம்பந்தமான தகராறா", அல்லது சாதாரண வீட்டுக்காரர் குடியிருப்பவர் தகராறா? உயர் நீதிமன்றங்கள் இரண்டு விதமாகப் பிரிந்து நின்றன.

இந்தக் குழப்பத்தின் விலை என்ன என்பதை நாம் நேரில் கண்டிருக்கிறோம். இளமையில் இக்கடற்கரையின் வேறோர் ஊரில் இமாமத் செய்துகொண்டிருந்தபோது, அந்த ஜமாஅத்தார் 2009இல் தங்கள் கடை ஒன்றை மீட்கத் தீர்ப்பாயத்தில் மனுச் செய்தார்கள். பழைய சங்கதிகளை அறிந்த பெரியவர் ஒருவரே வாய்தாவுக்கு வாய்தா பையைத் தூக்கிக்கொண்டு அலைவார். சாட்சி விசாரணையும் தொடங்கிவிட்டது. அடுத்த ஆண்டு எதிர்த்தரப்பு வக்கீல் உச்ச நீதிமன்றத் தீர்ப்பு ஒன்றின் நகலைக் கொண்டுவந்து நீட்டினார். மனுவைத் திருப்பிக் கொடுத்துவிட்டார்கள். மீண்டும் முன்சீப் கோர்ட்டில் முதலிலிருந்து தொடங்க வேண்டியதாயிற்று. பையைத் தூக்கிக்கொண்டு அலைந்த பெரியவர் அந்த இடைவெளியில் மௌத்தாகிவிட்டார். அவர் சொல்லியிருக்க வேண்டிய சாட்சியத்தை வேறு யாராலும் சொல்ல முடியவில்லை. கடைசியில் பாதி பாக்கியை விட்டுக்கொடுத்து ராஜியில் முடிந்தது. அந்த ஜமாஅத்தார் பொய் சொல்லவில்லை, சோம்பியிருக்கவில்லை. தட்டிய வாசல் தவறு, அவ்வளவே.

அந்த வக்கீல் நீட்டிய தீர்ப்பு, ரமேஷ் கோபிந்த்ராம் என்பவருக்கும் சுக்ரா ஹுமாயூன் மிர்சா வக்ஃபுக்கும் இடையிலான வழக்கில் 2010 செப்டம்பர் முதல் நாள் வெளியானது. ஹைதராபாத்தில் வாழ்ந்த எழுத்தாளரும் பெண் கல்விக்காக உழைத்தவருமான சுக்ரா ஹுமாயூன் மிர்சா அம்மையாரின் பெயரிலுள்ள வக்ஃபு அது. வாடகைக்காரர்களைக் காலி செய்யுமாறு தீர்ப்பாயம் உத்தரவிட்டது; உயர் நீதிமன்றமும் அதனை ஏற்றது. உச்ச நீதிமன்றத்தில் நீதிபதிகள் மார்க்கண்டேய கட்ஜு, டி.எஸ். தாக்கூர் ஆகியோர் அந்த உத்தரவுகளை ரத்துச் செய்தார்கள். தீர்ப்பாயம் தீர்மானிக்க வேண்டும் என்று சட்டம் எவற்றைச் சொல்கிறதோ அவற்றை மட்டுமே அது தீர்மானிக்கலாம். ஒரு சொத்து வக்ஃபா இல்லையா என்பது போன்றவை அவை. வாடகைக்காரரைக் காலி செய்யும் அதிகாரம் அதற்குக் கொடுக்கப்படவில்லை. அது உரிமையியல் நீதிமன்றத்திற்கே உரியது என்பது தீர்ப்பின் சாரம்.

அந்த நிலை மூன்றாண்டுகளே நீடித்தது. நாடாளுமன்றம் 2013இல் வக்ஃபுச் சட்டத்தைத் திருத்திற்று. 2013 நவம்பர் முதல் நாளிலிருந்து 83ஆம் பிரிவில் புதிய சொற்கள் இடம்பெற்றன. வாடகைக்காரரைக் காலி செய்வதும், வக்ஃபுச் சொத்தைக் குத்தகைக்கு விட்டவர் எடுத்தவர் ஆகியோரின் உரிமை கடமைகளைத் தீர்மானிப்பதும் தீர்ப்பாயத்தின் வேலை என்று அங்கே வெளிப்படையாக எழுதப்பட்டது. 85ஆம் பிரிவு, தீர்ப்பாயத்திற்குரிய விஷயத்தில் உரிமையியல் நீதிமன்றமோ வருவாய் நீதிமன்றமோ தலையிடலாகாது என்று தடுக்கிறது. 2021இல் ரஷீத் வலி பேக் வழக்கில் உச்ச நீதிமன்றம் இத்திருத்தத்தின் விளைவை விரிவாக எடுத்துரைத்தது. எனவே இன்று நமது கடைக்குரிய வாசல் வக்ஃபு தீர்ப்பாயம். முன்சீப் கோர்ட் அல்ல, வாடகை நீதிமன்றமும் அல்ல. முதவல்லி மட்டுமின்றி, பாதிக்கப்பட்ட வேறு எவரும், வாடகைக்காரர் உட்பட, அங்கே மனுச் செய்யலாம் என்பதையும் மறக்கலாகாது. அவருக்கும் அது திறந்த வாசல்தான்.

2023இல் மும்தாஜ் யாருத் தவ்லா வக்ஃபு வழக்கும் வந்தது. அதிகார வரம்பு இல்லை என்னும் ஆட்சேபத்தை உரிய வேளையில் எழுப்பாமல், காரியம் கைமீறிய பின்னர் எழுப்பிய குத்தகைதாரரின் வாதத்தை உச்ச நீதிமன்றம் ஏற்கவில்லை. அதை நம்பித் தவறான இடத்தில் வழக்குப் போடலாம் என்று எவரும் எண்ணிவிடக் கூடாது. எதிர்த்தரப்பு முதல் வாய்தாவிலேயே ஆட்சேபித்தால் நமது மனு திரும்பிவிடும். தவறான நீதிமன்றத்தில் நல்லெண்ணத்துடன் கழித்த காலத்தைக் காலவரம்புக் கணக்கிலிருந்து கழித்துக்கொள்ளக் காலவரம்புச் சட்டத்தின் 14ஆம் பிரிவு இடமளிக்கிறது. நாட்களைத்தான் அச்சட்டம் திருப்பித் தரும். மரித்த சாட்சியைத் தராது.

இங்கே ஃபிக்ஹு நூல்களை ஓதியவர்கள் என்ற முறையில் ஒரு வார்த்தை. ஹனஃபீ மத்ஹபின் பிற்கால அறிஞர்கள், வக்ஃபு வீட்டையும் கடையையும் ஓர் ஆண்டுக்கு மேலும், வக்ஃபு நிலத்தை மூன்று ஆண்டுகளுக்கு மேலும் வாடகைக்கு விடலாகாது என்று எழுதினார்கள். நீண்ட காலம் ஒருவர் கையில் இருந்துவிட்டால் கண்டவர்கள் அவரையே சொந்தக்காரர் என்று கருதிவிடுவார்கள் என்பது அவர்கள் அஞ்சிய காரணம். 1995ஆம் ஆண்டுச் சட்டம் வந்தபோது, மூன்று ஆண்டுகளுக்கு மேற்பட்ட குத்தகை செல்லாது, ஓர் ஆண்டுக்கு மேற்பட்டதற்கு வாரியத்தின் அனுமதி வேண்டும் என்று இருந்தது. அதே ஒன்று, அதே மூன்று! 2013 திருத்தம் அந்த எல்லையை 30 ஆண்டுகள் வரை நீட்டிவிட்டது. வருமானம் பெருகட்டும் என்று நீட்டினார்கள். நமது அறிஞர்களின் அச்சமே நமக்குச் சரியாகப் படுகிறது. அந்தக் கடையை முப்பது ஆண்டுகளாக ஒரே குடும்பம் வைத்திருக்கிறது. சின்னப் பிள்ளைகள் அதனை "அவர்கள் கடை" என்றுதான் சொல்கிறார்கள். அத்துடன் நமது நூல்கள் உஜ்ரத்துல் மிஸ்லையும் வலியுறுத்துகின்றன. அதாவது அவ்விடத்தில் அதுபோன்ற கடைக்கு வழங்கும் வாடகைக்குக் குறைத்து வக்ஃபை விடலாகாது. 400க்கும் 3,500க்கும் இடையில் இருப்பது வாடகைக்காரரின் குற்றம் மட்டுமன்று. உயர்த்திக் கேட்காமலிருந்த நமது நிர்வாகங்களின் குற்றமும் ஆகும். இமாமாக இருந்துகொண்டு இத்தனை ஆண்டுகள் கேளாமலிருந்த நமது குற்றமும் அதில் உண்டு.

அடுத்து, 2025ஆம் ஆண்டின் திருத்தச் சட்டம். அது 2025 ஏப்ரல் 8 முதல் நடைமுறைக்கு வந்தது. அதன் பல பகுதிகளைப் பற்றி நாடெங்கும் விவாதம் நடந்தது. உச்ச நீதிமன்றம் 2025 செப்டம்பர் 15ஆம் நாள் சில பிரிவுகளை மட்டும் இடைக்காலமாக நிறுத்தி வைத்தது. அந்த விவாதத்திற்குள் நாம் இப்போது போகவில்லை. கடை வழக்கைத் தொடும் மாற்றங்களை மட்டும் சொல்கிறோம். முன்பு தீர்ப்பாயத்தின் முடிவே இறுதியானது. உயர் நீதிமன்றம் சீராய்வு மட்டுமே செய்யும். இப்போது 90 நாட்களுக்குள் உயர் நீதிமன்றத்தில் மேல்முறையீடு செய்யலாம். நமக்கு அது மதுரைக் கிளை. இது இரு தரப்புக்கும் நன்மையே.

நமக்குக் கவலை தரும் மாற்றம் காலவரம்பு. பழைய சட்டத்தின் 107ஆம் பிரிவின்படி வக்ஃபுச் சொத்தை மீட்கும் வழக்குக்குக் காலவரம்பே இல்லாதிருந்தது. "பள்ளிவாசல் சொத்து எங்கே போய்விடும், பிறகு பார்த்துக்கொள்வோம்" என்று நமது நிர்வாகங்கள் இருந்ததற்கு அந்தப் பிரிவும் ஒரு காரணம். அது நீக்கப்பட்டுவிட்டது; உச்ச நீதிமன்றம் அந்த நீக்கத்தை நிறுத்தி வைக்கவுமில்லை. ஆகவே மற்றவர்களுக்குரிய கணக்குதான் நமக்கும். குத்தகை முடிந்த நாளிலிருந்து 12 ஆண்டுகளுக்குள் வாடகைக்காரரிடமிருந்து சொத்தை மீட்க வழக்குப் போட வேண்டும். எப்போதோ ஒரு நோட்டீஸ் அனுப்பிவிட்டு மறந்துபோன கடைகள் நம்மிடம் உண்டா என்று பழைய கோப்புகளைப் புரட்டிப் பார்க்க வேண்டிய காலம் இது.

பதிவும் அப்படியே. வக்ஃபு வாரியத்தில் முறைப்படி பதிவாகாத வக்ஃபின் சார்பில் உரிமை கோரும் வழக்கை, சட்டம் கொடுத்த ஆறு மாத அவகாசத்திற்குப் பின் நீதிமன்றம் விசாரிக்கலாகாது என்கிறது புதிய விதி. தக்க காரணம் காட்டினால் மட்டுமே விலக்கு. பள்ளிவாசல் பதிவாகியிருக்கலாம், ஆனால் பின்னர் ஒரு புண்ணியவான் எழுதிவைத்த கடை வாரியத்தின் பதிவேட்டில் ஏறியிருக்கிறதா? ஏறாத சொத்தைப் பற்றித் தீர்ப்பாயத்தின் முன்பு நின்றால், வாடகை பாக்கியைப் பற்றிப் பேசுமுன் அது வக்ஃபு சொத்தே இல்லை என்ற சண்டை எழும். அந்தச் சண்டைக்கே சில ஆண்டுகள் போய்விடும்.

இடையில் ஒன்று. உங்களில் பலர் சொந்த வீட்டையும் கடையையும் வாடகைக்கு விட்டிருக்கிறீர்கள். வளைகுடாவில் இருக்கும் பிள்ளைகளின் வீடுகளைக் கவனிப்பவர்களும் இருக்கிறீர்கள். மேலே சொன்ன தீர்ப்பாயம் உங்களுக்கு உரியதன்று. 1960ஆம் ஆண்டின் சட்டம் போய்விட்டது. 2017ஆம் ஆண்டின் நில உரிமையாளர்கள், வாடகைதாரர்கள் சட்டம் 2019 பிப்ரவரி 22 முதல் நடைமுறையில் இருக்கிறது. எழுத்து மூலமான ஒப்பந்தம் செய்து வாடகை அதிகாரியிடம் பதிவு செய்ய வேண்டும். காலி செய்யும் வழக்கு வாடகை நீதிமன்றத்திற்குப் போகும். அதன்மேல் வாடகைத் தீர்ப்பாயம். வக்ஃபு வாரியத்தில் பதிவான வக்ஃபின் கட்டிடங்களுக்கு அச்சட்டம் பொருந்தாது. "தீர்ப்பாயம்" என்ற ஒரே சொல் இரண்டுக்கும் வழங்குவதால் மயங்கிவிடாதீர்கள்.

இனி ஜமாஅத் பஞ்சாயத்து. இங்கே கூடி இரு தரப்பையும் உட்காரவைத்துப் பேசி முடிப்பது நமது முன்னோர் வழக்கம், நல்ல வழக்கம். சமரசம் செய்ய நமக்கு உரிமை உண்டு. ஆனால் "பதினைந்து நாளில் காலி செய்" என்று இந்தப் பொதுக்குழு தீர்மானம் போட்டால் அது காகிதம்தான், தீர்ப்பாணை அன்று. 2020இல் வித்யா துரோலியா வழக்கில் உச்ச நீதிமன்றம், சாதாரண குத்தகைத் தகராறுகளை ஒப்பந்தப்படி நடுவர் தீர்ப்புக்கு விடலாம் என்றும், தனிச் சட்டம் தனி நீதிமன்றத்தை நியமித்திருக்கும் வாடகைத் தகராறுகளை அவ்வாறு விடலாகாது என்றும் கூறியது. அரசு நியமித்த வாசல் இருக்கும்போது நாமே ஒரு வாசலை வெட்டிக்கொள்ள முடியாது. சமரசம் ஏற்பட்டால் மக்கள் நீதிமன்றத்தில் பதிவு செய்துகொள்வது பாதுகாப்பு. அங்கே எழுதப்படுவது உரிமையியல் நீதிமன்றத் தீர்ப்பாணைக்குச் சமம் என்று 1987ஆம் ஆண்டின் சட்டப் பணிகள் ஆணையச் சட்டம் சொல்கிறது.

ஆகவே நமது கடை விஷயத்தில் நாம் சொல்லும் யோசனை இது. பூட்டு வேண்டாம். முதலில் முதவல்லி சாஹிபும் இரண்டு பெரியவர்களும் அந்தக் கடைக்காரரை வீட்டில் சந்தித்துப் பேசட்டும். பாக்கியைத் தவணையில் கட்டி, நியாயமான வாடகைக்கு ஒப்புக்கொண்டு, உள்வாடகையை நிறுத்தினால் அவரே தொடரட்டும். புதிய ஒப்பந்தம் ஓராண்டுக்கு மேற்பட்டதாயின் வாரியத்தின் அனுமதியுடன், ரிஜிஸ்டர் ஆபீசில் பதிவு செய்து எழுதப்படட்டும். இருபது ரூபாய் முத்திரைத் தாளில் எழுதிப் பீரோவில் வைக்கும் பழக்கம் இனி வேண்டாம். அவர் இணங்காவிட்டால் வக்கீல் மூலம் முறையான நோட்டீஸ், அதன்பின் தீர்ப்பாயம். நோட்டீஸ் கெடு முடிந்த பிறகு அவர் பணம் கொண்டுவந்து கொடுத்தால் நமது மோதினார் வழக்கம்போல "வாடகை" என்று ரசீது எழுதிவிடக் கூடாது. வாடகை என்று வாங்கினால் நோட்டீஸைக் கைவிட்டோம் என்ற வாதத்திற்கு இடம் கொடுத்தவர்கள் ஆவோம். எந்தப் பெயரில் வாங்குவது என்று வக்கீலைக் கேட்டே எழுத வேண்டும்.

இவற்றுக்கெல்லாம் பழைய தஸ்தாவேஜுகள் வேண்டும். 1990களின் ரசீதுப் புத்தகங்கள் அலுவலகத்தில் இல்லை. முந்திய நிர்வாகிகளின் வீடுகளில் இருக்கக்கூடும். கடையை எழுதிவைத்த மர்ஹூம் அவர்களின் பத்திர நகலும் எவரோ ஒருவர் வீட்டுப் பரணில் இருக்கிறது என்று கேள்விப்படுகிறோம். யார் வீட்டில் இருந்தாலும் அடுத்த ஜும்ஆவுக்கு முன் செயலாளரிடம் கொண்டுவந்து சேர்த்து, பெற்றுக்கொண்டதற்குக் கையெழுத்து வாங்கிக்கொள்ளுமாறு கேட்டுக்கொள்கிறோம்.